பாதி மாறிய தட்டு

ஜன்னல் ஓரத்தில் நீங்களே உட்காருங்கள். எனக்கு வெயில் ஆகாது. மதுரைக்குத்தானே? நானும் மதுரைக்குத்தான். ராஜபாளையம் தாண்டினால் கூட்டம் குறையும். அதுவரை இந்தப் பையை மடியில் வைத்துக்கொள்கிறேன், உங்களை இடிக்காது.

என் இளையவன் ஆவுடையப்பனுக்குப் பெண் பார்க்கத்தான் போகிறேன். இது முதல் பெண் இல்லை. முதல் பெண்ணைத் தென்காசியில் பார்த்தோம். நிச்சயம் பாதி நடந்தது. பாதி என்றால் பாதிதான். தாம்பூலத் தட்டு அவர்கள் கையில் பாதி, என் கையில் பாதி. அதற்கு மேல் நகரவில்லை. சங்கரன்கோவில் முழுக்க என்னைத்தான் குறை சொல்கிறார்கள். நீங்கள் வெளியூர்க்காரர். இரண்டு பக்கத்தையும் கேட்டு நியாயம் சொல்லலாம். இப்போதைக்கு ஒரு பக்கம்தான் பஸ்ஸில் இருக்கிறது. அதைக் கேளுங்கள்.

நான் நகை கேட்கவில்லை. நிறம் கேட்கவில்லை. தரகரிடம் ஒன்றே ஒன்றுதான் சொன்னேன். வாய் அடங்கிய பெண்ணாகப் பாருங்கள் என்றேன். என் மூத்த மருமகள் இருக்கிறாளே, அவள் பேச ஆரம்பித்தால் மிக்சி ஓடுகிற மாதிரி இருக்கும். மூடியைக் கையால் அமுக்கினாலும் நிற்காது. ஒரு வீட்டுக்கு ஒரு மிக்சி போதும் இல்லையா?

தென்காசிப் பெண்ணின் பெயர் இந்துமதி. அப்பா சிவசைலம். ஊரில் மதிப்பான மனிதர். ஒரே பெண். பெண் பார்க்கப் போனது ஒரு புதன்கிழமை. அவள் காபித் தட்டோடு வந்து நின்ற அழகை இன்றைக்கும் மறக்க முடியவில்லை. தலை குனிந்தே இருந்தது. குனிந்ததோடு ஒரு பக்கமாகச் சாய்ந்தும் இருந்தது. படத்தில் அம்மன் தலை சாய்த்துப் பார்ப்பாளே, அந்த மாதிரி. முகம் செக்கச் செவேல் என்று சிவந்திருந்தது. கைக்குட்டையை நிமிஷத்துக்கு ஒரு தடவை உதட்டில் ஒற்றிக்கொண்டாள். இந்தக் காலத்தில் இவ்வளவு வெட்கமா என்று எனக்கே ஆச்சரியம்.

“சமைப்பியாம்மா?” என்றேன். தலையை ஆட்டினாள். “பாடத் தெரியுமா?” தலையை ஆட்டவில்லை, கையை ஆட்டினாள். “எங்க பையனைப் பிடிச்சிருக்கா?” அதற்கும் வாய் திறக்கவில்லை. மூன்று கேள்வி கேட்டேன், மூன்றுக்கும் ஒரு வார்த்தை கிடையாது. கேசரி கொடுத்தார்கள், தொடவில்லை. காலில் விழுந்து கும்பிட்டு எழுந்தபோது அவள் கண்ணில் தண்ணீர் நின்றது. ஆசீர்வாதம் வாங்கும்போது அழுகிற பெண்ணை நீங்கள் பார்த்திருக்கிறீர்களா? நான் அன்றைக்குத்தான் பார்த்தேன். தோளைத் தொட்டுத் தூக்கினேன். உடம்பு கொதித்தது. அடுப்படியில் நின்றிருப்பாள், பாவம் என்று நினைத்தேன்.

எனக்குப் பரம திருப்தி. அங்கேயே சொல்லிவிட்டேன்: “அண்ணாச்சி, அடுத்த திங்கக்கிழமை முகூர்த்த நாள். நிச்சயத்தை வச்சுக்குவோம்.”

சிவசைலம் அண்ணாச்சி தயங்கினார். “இல்ல தங்கச்சி, பிள்ளைக்குக் கடைவாய்ப்பல்லுல வலி. நாலு நாளாச் சரியாச் சாப்பிடலை. நாளைக்குப் பல்லைப் பிடுங்கணும்னு பல் டாக்டர் சொல்லியிருக்காரு. அது ஆறுனதும் வச்சுக்குவோமே” என்றார்.

நான் சொன்னதை அப்படியே சொல்கிறேன், தப்பிருந்தால் சொல்லுங்கள். “அண்ணாச்சி, நல்ல காரியம் பேச்சு எடுத்தாச்சு. தட்டு மாத்துறதுக்கு முன்னால பொண்ணு உடம்புல ரத்தம் பார்க்கக் கூடாது. எங்க வீட்டு வழக்கம் அது. போட்டோவுலயும் கன்னம் வீங்கித் தெரியும். அஞ்சு நாள்தானே? கிராம்பை வச்சுக் கடிக்கச் சொல்லுங்க. உப்புத் தண்ணியில கொப்புளிக்கச் சொல்லுங்க” என்றேன். அவரும் சரி என்றுவிட்டார். நான் கட்டாயப்படுத்தவில்லை. மாப்பிள்ளை வீட்டார் என்ற முறையில் ஒரு யோசனை சொன்னேன், அவ்வளவுதான்.

திங்கட்கிழமை வந்தது. இரண்டு வேன் நிறைய ஆட்களோடு தென்காசிக்குப் போய் இறங்கினோம். பெண்ணை அலங்கரித்து உட்கார வைத்திருந்தார்கள். கழுத்து வலது பக்கம் கொஞ்சம் புடைப்பாகத் தெரிந்தது. அவள் அம்மா கெட்டிக்காரி. அந்தப் பக்கமாகப் பூச்சரத்தை இறக்கி, நெக்லஸைத் தூக்கி வைத்து மறைத்திருந்தாள். பெண் முதுகை நிமிர்த்தி உட்காரவில்லை. முன்னால் குனிந்து, இரண்டு கையையும் முழங்காலில் ஊன்றி, தாடையை மட்டும் நீட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். யாரோ என்னவோ கேட்டதற்கு “உம்” என்றாள். வாய் நிறையச் சுடுசோற்றை வைத்துக்கொண்டு பேசினால் எப்படி இருக்கும், அப்படி ஒரு குரல். குரல் இனிமை போதாதுதான். ஆனால் அதிகம் பேசாத பெண்ணுக்குக் குரல் எப்படி இருந்தால் என்ன என்று மனசைத் தேற்றிக்கொண்டேன்.

லக்னப் பத்திரிகை வாசித்தார்கள். நானும் அண்ணாச்சியும் எழுந்து நின்றோம். தட்டை நான் நீட்டினேன், அவர் கை வைத்தார். நல்ல நேரம் முடிய ஏழு நிமிஷம் இருந்தது.

அந்த நேரம் பார்த்து என் மகன் எழுந்தான். அவன் ஐ.டி.ஐ.யில் வெல்டிங் சொல்லிக்கொடுக்கிற வாத்தியார். பிள்ளைகளோடு நாள் முழுக்கக் கத்துவதால் வீட்டில் பேசமாட்டான். அவன் சபை நடுவில் எழுந்து, “அம்மா, அந்தப் பொண்ணுக்கு மூச்சு வரலை” என்றான்.

“ஏலே, உக்காருலே. வெக்கம்லே” என்றேன்.

“வெக்கத்துக்கு விசில் சத்தம் வராது. காது கொடுத்துக் கேளுங்க. ஹோஸ் மடங்கி கேஸ் போகாம அடைச்சா இதே சத்தம்தான் வரும்.”

எல்லோரும் பேச்சை நிறுத்தினார்கள். அப்போதுதான் எனக்கும் கேட்டது. ஒவ்வொரு மூச்சுக்கும் மெல்லிதாக ஒரு கீச்சு. நான் என்ன நினைத்தேன் என்றால், ஃபேன் சத்தமாக இருக்கும் என்று நினைத்தேன்.

அவன் நேரே அவள் முன்னால் போய் மண்டியிட்டான். தாலி கட்டாத பெண்ணின் முன்னால்! “வாயைத் திறங்க” என்றான். அவள் திறந்தாள். ஒரு விரல் நுழைகிற அளவுதான் திறந்தது. ஓரத்தில் எச்சில் வழிந்தது. கைக்குட்டை எதற்கு என்று அப்போதுதான் புரிந்தது. விழுங்க முடியவில்லை. “எத்தனை நாளா?” என்றான். அவள் கையை விரித்து ஐந்து விரலைக் காட்டினாள். சொந்த எச்சிலைக்கூட விழுங்க முடியாமல் ஐந்து நாள்.

“வண்டியை எடுங்க” என்றான்.

“ஏழு நிமிஷம் இருக்குலே, தட்டை மட்டும் மாத்திக்கிடுதோம்” என்றேன். நான் கேட்டது ஏழு நிமிஷம்கூட இல்லை, இரண்டு நிமிஷம். ஆனால் அண்ணாச்சி தட்டை விட்டுவிட்டார். அப்படியே விட்டுவிட்டு மகளைத் தூக்க ஓடினார். தட்டு என் கையில் நின்றுபோனது. அதைக் கீழே வைக்கலாமா? வைக்கக் கூடாது. வேறு யார் கையிலாவது கொடுக்கலாமா? கொடுக்கக் கூடாது. மாறியும் மாறாத தட்டு அது. அதனால் தட்டோடு நானும் காரில் ஏறினேன்.

தென்காசியில் ஒரு நர்சிங் ஹோம் டாக்டர் டார்ச் அடித்துப் பார்த்தார். தாடைக்குக் கீழே விரலால் அமுக்கினார். ஊசி ஒன்றைப் போட்டார். “கழுத்துக்கு உள்ளே சீழ் கோத்திருக்குன்னு நினைக்கேன். இங்க வச்சுப் பார்க்க முடியாது. திருநெல்வேலிக்குப் போங்க. முக்கியமா ஒண்ணு, படுக்க வைக்காதீங்க. உட்கார்ந்தபடியே கொண்டு போங்க” என்று ஆக்சிஜன் வைத்து ஆம்புலன்ஸில் ஏற்றினார். அவள் அம்மா ஒரு பக்கம் பிடித்துக்கொண்டாள். என் மகன் இன்னொரு பக்கம். நானும் அண்ணாச்சியும் பின்னால் காரில் போனோம். தட்டில் இருந்த தேங்காய் உருண்டுகொண்டே இருந்தது, நான் பிடித்துக்கொண்டே போனேன்.

திருநெல்வேலி ஆஸ்பத்திரியில் தொண்டை டாக்டர் ஒரு பெண். டாக்டர் ரெஜினா என்று பெயர். சின்ன உருவம், கறாரான குரல். தாடைக்குக் கீழே தொட்டுப் பார்த்துவிட்டு, “கட்டை மாதிரி இருக்கு” என்றார். நாக்கை வீக்கம் மேலே தூக்கியிருக்கிறது என்றார். மூக்கு வழியாக நூல் மாதிரி ஒரு கேமராவை விட்டுத் தொண்டையைப் பார்த்தார். பிறகு வெளியே வந்தார்.

“கடைவாய்ப்பல்லுல ஆரம்பிச்சது, தாடைக்கு உள்பக்கமா இறங்கித் தொண்டைக்குப் பக்கத்துல சீழ் கட்டியிருக்கு. மூச்சுப் பாதையை ஒரு பக்கமா அமுக்கிக்கிட்டு இருக்கு. இன்னும் இறங்கினா நெஞ்சுக்குள்ள போயிடும். பல்லை ஏன் முதல்லயே எடுக்கலை?”

அண்ணாச்சி தரையைப் பார்த்தார். என் மகன் என்னைப் பார்த்தான். டாக்டர் என் மடியில் இருந்த தட்டைப் பார்த்தார். பட்டுப்புடவை, தேங்காய், பழம், வெற்றிலை எல்லாம் பார்த்தார். தட்டு நிறைவாக இருந்தது என்று நினைத்திருப்பார்.

“முதல்ல மூச்சுக்கு வழி பண்ணணும். படுக்க வச்சா மூச்சு நின்னுடும், அதனால ஸ்கேன்கூட அப்புறம்தான். உட்கார வச்சு, முழிச்சிருக்கும்போதே மூக்கு வழியா மூச்சுக்குழாய்க்குள்ள குழாய் விடுவோம். அது முடியலைன்னா கழுத்து முன்பக்கத்துல ஓட்டை போட்டுத்தான் ஆகணும். அப்புறம் ஸ்கேன். அப்புறம் தாடைக்குக் கீழே வெட்டிச் சீழை எடுத்துட்டு, பல்லையும் எடுத்துடுவோம்” என்றார்.

கேட்க வேண்டியதை யாராவது கேட்க வேண்டும் இல்லையா? நான்தான் கேட்டேன். “டாக்டரம்மா, கழுத்துல முன்பக்கம் வேண்டாமே. அங்கதான் தாலி விழும். போற வாற எல்லாரு கண்ணுலயும் படும். பின்பக்கமா வெட்டுங்க, ஜடை மறைச்சிடும்.”

“சீழ் எங்க இருக்கோ அங்கதாம்மா வெட்ட முடியும்.”

“அப்ப ஓட்டை மட்டுமாவது…”

“அம்மா, தாலி கட்டுறதுக்குக் கழுத்து மட்டும் போதாது. மூச்சும் வேணும்.” பிறகு என்னை நன்றாகப் பார்த்து, “நீங்க யாரு?” என்றார்.

“மாமியார்.”

“கல்யாணம் ஆயிடுச்சா?”

“இல்ல. தட்டு பாதி மாறியிருக்கு.”

டாக்டர் கையெழுத்துப் போட அண்ணாச்சியைக் கூப்பிட்டார். அவர் பேனாவை இரண்டு தடவை கீழே போட்டார். என் மகன் அவர் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டான். அப்புறம்தான் போட்டார்.

நாங்கள் வெளியே உட்கார்ந்திருந்தோம். குழாய் போகுமா போகாதா, இது ஒன்றுதான் கேள்வி. போகாவிட்டால் ஓட்டை. ஓட்டைக்கும் நேரம் இல்லாவிட்டால் பெண் இல்லை. அண்ணாச்சி சுவரில் தலையை முட்டுக்கொடுத்துக்கொண்டு நின்றார். அவள் அம்மா என் பக்கம் திரும்பவே இல்லை. நான் மட்டும்தான் தைரியமாக இருந்தேன். நர்ஸிடம் தட்டை வைக்க மேஜை இருக்கிறதா என்று கேட்டேன்.

குழாய் போய்விட்டது. கதவைத் திறந்து ஒருவர் கட்டை விரலைத் தூக்கிக் காட்டிவிட்டுப் போனார். என் மகன் எழுந்து போய்த் தண்ணீர்க் குழாயடியில் முகம் கழுவினான். அவ்வளவு நேரமா முகம் கழுவுவார்கள்? திரும்பி வந்தபோது கண் சிவந்திருந்தது. சோப்புப் பட்டிருக்கும்.

எண்பது மில்லி சீழ் எடுத்தார்களாம். ஒரு காபி டம்ளர் அளவு என்று வைத்துக்கொள்ளுங்கள். டாக்டர் வந்து சொன்னார். மாதிரியைச் சோதனைக்கு அனுப்பியிருக்கிறோம், எந்த மருந்துக்கு அந்தக் கிருமி சாகும் என்று பார்க்க என்றார். மிச்சச் சீழ் வடிய வெட்டின இடத்தில் ரப்பர்த் துண்டு வைத்திருக்கிறோம், நாலு நாளில் எடுத்துவிடுவோம், மூன்று வாரத்தில் காயம் மூடிவிடும் என்றார். மூக்கில் குழாயோடு இரண்டு நாள் தீவிர சிகிச்சையில் இருந்தாள். மூன்றாம் நாள் குழாயை எடுத்தார்கள்.

அன்றைக்கு ஆரம்பித்தது என் கஷ்டம்.

குழாயை எடுத்ததும் அவள் சொன்ன முதல் வார்த்தை என்ன தெரியுமா? “என் போன் எங்க?” கேஸ் ஏஜென்சியில் புகார் கேட்கிற வேலையாம் அவளுக்கு. சிலிண்டர் வரவில்லை என்று திட்டுகிறவர்களோடு நாள் முழுக்கப் போனில் பதிலுக்குப் பதில் பேச வேண்டும். பதினோரு வருஷமாக அந்த வேலையில் வேறு யாரும் மூன்று மாதம் தாண்டினதில்லையாம். இவள் நாலு வருஷமாக இருக்கிறாளாம்! தரகர் என்னிடம் “ஆபீஸ் வேலை” என்று மட்டும் சொன்னார். படுக்கையில் இருந்தபடியே, கட்டுப் போட்ட கழுத்தோடு, கரகரத்த குரலில், யார் யாருக்குச் சிலிண்டர் பாக்கி என்று சொல்லிக்கொண்டிருந்தாள். டாக்டரிடம் பதினான்கு கேள்வி கேட்டாள், நான் எண்ணினேன். டாக்டரும் உட்கார்ந்து பதினான்குக்கும் பதில் சொன்னார். என்னிடம் மட்டும் ஒரு வரியில் முடித்தவர்.

என் மகன் தினமும் வந்தான். இரண்டு பேரும் என்ன பேசினார்கள் என்கிறீர்கள்? ரெகுலேட்டர். வாஷர். ஹோஸை எத்தனை வருஷத்துக்கு ஒரு தடவை மாற்ற வேண்டும். ஒரு மணி நேரம், ஒன்றரை மணி நேரம் இதே பேச்சு. வீட்டில் வாய் திறக்காதவன் படம் வரைந்து காட்டினான். இது கல்யாணம் பேசின பெண்ணும் மாப்பிள்ளையும் பேசுகிற பேச்சா? இரண்டு பேருக்கும் நடுவில் ஒட்டுதலே இல்லை என்று எனக்கு அன்றைக்கே தெரிந்துவிட்டது.

ஆனாலும் நான் பெருந்தன்மையாக இருந்தேன். வீட்டுக்கு அனுப்புகிற நாளில் போனேன், தட்டோடுதான் போனேன். பழம் மட்டும் புதிது. “பார்த்தியாம்மா, என் மகன் உன்னைக் காப்பாத்திட்டான். கழுத்துல தழும்பு இருந்தாலும் பரவாயில்லை, நான் பெரிசா எடுத்துக்கலை. ஆனா ஒண்ணு, இந்தப் பேச்சைக் கொஞ்சம் குறைச்சுக்கோ. முத நாள் பார்த்தப்ப எவ்வளவு அடக்கமா இருந்தே” என்றேன்.

அவள் என்னை உற்றுப் பார்த்தாள். “அத்தை, ஒண்ணு கேக்கட்டா? அன்னைக்கு நான் வாயைத் திறந்து இப்படிப் பேசியிருந்தா உங்களுக்கு என்னைப் பிடிச்சிருக்குமா?”

நான் பொய் சொல்லத் தெரியாதவள். “பிடிச்சிருக்காது” என்றேன்.

அவள் சிரித்தாள். சிரித்தால் தையல் வலிக்கும்போல, கழுத்தைக் கையால் பிடித்துக்கொண்டே சிரித்தாள். “அப்ப நீங்க பொண்ணு பார்த்தது என்னை இல்ல அத்தை. சீழைத்தான் பார்த்தீங்க. அதை டாக்டர் எடுத்துட்டாங்களே, இப்ப என்ன செய்ய?”

பெரியவளிடம் பேசுகிற பேச்சா இது? நீங்களே சொல்லுங்கள். அவள் அம்மா கண்டித்தாளா? இல்லை. அண்ணாச்சி கண்டித்தாரா? அவரும் சிரித்தார். அத்தனை நாளில் அந்த மனிதர் சிரித்து நான் பார்த்தது அன்றைக்குத்தான். என் மகன் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான், தோள் குலுங்கியது. அவமானத்தில் அழுகிறான் என்று நினைத்தேன். அங்கேயே சொல்லிவிட்டேன்: “தட்டு மாறலை. நிச்சயம் செல்லாது.” தட்டை எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன். வழியில் அவனிடம், “அந்த வாய் நமக்கு வேண்டாம்லே” என்றேன். “சரிம்மா” என்றான். ஒரே வார்த்தை. நான் வளர்த்த வளர்ப்பு அது.

இது நடந்து ஆறு மாதம் ஆகிறது. ஒரு விதத்தில் கடவுள்தான் என்னைக் காப்பாற்றினார். அந்தக் காயம் இன்னும் ஆறவில்லையாம்! டாக்டர் மூன்று வாரம் என்றார், ஆறு மாதமாகக் கட்டு மாற்றிக்கொண்டே இருக்கிறார்கள். ஞாயிறுதோறும் கட்டு மாற்ற வேண்டுமாம். அண்ணாச்சிக்கு வயதாகிவிட்டது, பைக் ஓட்ட முடியாது. அதனால் என் மகன்தான் போய்க் கூட்டிப்போகிறான். வேண்டாம் என்று ஒதுக்கின பெண்தான், ஆனால் மனிதாபிமானம் என்று ஒன்று இருக்கிறதே என்கிறான். காலையில் சவரம் செய்து, சட்டை தேய்த்துப் போட்டுக்கொண்டு கிளம்பினால் ராத்திரிதான் வருகிறான். ஆஸ்பத்திரிக் கூட்டம் அப்படியாம்.

இன்றைக்கும் ஞாயிறுதானே, அதனால்தான் நான் தனியாகப் பெண் பார்க்கப் போகிறேன். போன மாதம் இரண்டாவதாக ஒரு ஹெல்மெட் வாங்கியிருக்கிறான், ஊதா நிறம். “எதுக்குலே இன்னொண்ணு?” என்றேன். “பின்னால உட்கார்றவங்களும் போடணும்மா. சாதா ஹெல்மெட்டோட வார் காயத்துல உரசும். அதான் கழுத்துப் பக்கம் மெத்து வச்சதாப் பார்த்து வாங்குனேன்” என்றான். நாலு கடை ஏறி இறங்கினானாம், தானே மாட்டிக் கழுத்தில் உரசுகிறதா என்று பார்த்தானாம். அந்நியப் பெண்ணின் காயத்துக்கே இவ்வளவு பார்க்கிறவன், நாளைக்குக் கட்டிக்கொள்ளப் போகிறவளை எப்படி வைத்துக்கொள்வான் என்று யோசியுங்கள். மதுரைக்காரர்கள் கேட்டால் இதைத்தான் முதலில் சொல்லப்போகிறேன்.

ஏன் சிரிக்கிறீர்கள்?